குணச்சித்திர நடிகரின் தடம் பிடிக்க: பிபிசி ஜீனோமும் ஐஎம்டிபியும்

பிரிட்டிஷ் தொடர் எதைப் போட்டாலும், பாதியில் "இவரை எங்கேயோ பார்த்திருக்கோமே" என்று வீட்டில் யாராவது கேட்பார்கள். கதாநாயகனைப் பற்றி அந்தக் கேள்வி வருவதில்லை. பாதிரியாராக, வக்கீலாக, அமைச்சரின் செயலாளராக, நவாபாக வந்து இரண்டே காட்சியில் மனதில் உட்கார்ந்துவிடும் குணச்சித்திர நடிகரைப் பார்த்துத்தான் கேட்கிறோம். அவர் யார், வேறு எதில் நடித்தார், எந்த வயதில் என்ன வேடம் கிடைத்தது என்று முழுதாகத் தெரிந்துகொள்ள, டர்பனில் உட்கார்ந்துகொண்டே பயன்படுத்தக்கூடிய இலவசச் சேவைகள் இரண்டு: பிபிசியின் பழைய நிகழ்ச்சி அட்டவணைகளைத் தேடித் தரும் பிபிசி ஜீனோம், திரைப்பட, தொலைக்காட்சித் தகவல் தளமான ஐஎம்டிபி. பெரும்பாலோர் இரண்டாவதோடு நின்றுவிடுகிறார்கள். அது போதாது. பிபிசியில் வேலை பார்த்த நடிகர் என்றால் ஜீனோமைத்தான் முதலில் திறக்க வேண்டும். அது எங்கே கைவிடும் என்பதையும் தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டும்.

ஜீனோமின் அடிப்படை, 2011 வரை பிபிசியிடம் இருந்த நிகழ்ச்சி அட்டவணை இதழான ரேடியோ டைம்ஸ். 1923 செப்டம்பரில் தொடங்கிய இதழ் அது. 1923 முதல் 2009 வரையிலான இதழ்களை ஸ்கேன் செய்து, எழுத்துணரி மென்பொருளால் தேடக்கூடிய வரிகளாக்கி, 2014 அக்டோபரில் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டார்கள். நாற்பது லட்சத்துக்கும் மேற்பட்ட பதிவுகள். கட்டணம் இல்லை, கணக்குத் தொடங்கத் தேவையில்லை, பிரிட்டனுக்கு வெளியே இருந்தாலும் திறக்கும். ஒவ்வொரு பதிவிலும் நாள், நேரம், எந்த அலைவரிசை, கதைச் சுருக்கம், அதன் கீழே வேடமும் நடிகரும் இருக்கும்.

இதன் அருமை தெரிய வேண்டுமானால் நைஜல் ஹாதார்னின் பெயரைப் போட்டுப் பாருங்கள். கவென்ட்ரியில் 1929-ல் பிறந்து, சின்ன வயதிலேயே கேப் டவுனுக்கு வந்து வளர்ந்தவர். கேப் டவுன் பல்கலைக்கழகத்தில் படித்து, 1950-ல் அங்குள்ள ஹோஃப்மெயர் அரங்கில் தொழில்முறை மேடையேறி, 1951-ல் கப்பலேறியவர். அதற்குப் பிறகு ஏறக்குறைய முப்பது வருடம் இரண்டாம் வரிசை, மூன்றாம் வரிசை வேடங்கள். ஐஎம்டிபியில் 1980-ஆம் ஆண்டுக்கு நேராக "யெஸ் மினிஸ்டர்" என்ற அரசியல் நகைச்சுவைத் தொடர் இருக்கும், "தி டெம்பஸ்ட்" இருக்கும். இரண்டு தலைப்பு, ஒரே வருடம், அவ்வளவுதான் தெரியும். ஜீனோமில் தேதி வாரியாக அடுக்கினால் கதை வேறு: 1980 பிப்ரவரி 25, திங்கட்கிழமை, "யெஸ் மினிஸ்டர்" முதல் பகுதி, சர் ஹம்ஃப்ரி ஆப்பிள்பி. பிப்ரவரி 27, புதன்கிழமை, ஷேக்ஸ்பியரின் "தி டெம்பஸ்ட்", குடிகாரப் பட்லர் ஸ்டெஃபானோ. நாட்டின் நிர்வாகத்தையே நாக்கு நுனியில் வைத்திருக்கும் அதிகாரி ஒரு நாள். தள்ளாடும் குடிகாரன் மறுநாளுக்கு மறுநாள். இரண்டும் பிபிசி 2-தான். ஐம்பது வயதான ஒரு துணை நடிகர் எப்படிப் பிழைத்தார், எவ்வளவு விரிந்த நடிப்புத் திறன் அவருக்கு இருந்தது என்பதை அந்த இரண்டு தேதிகளே சொல்லிவிடும். வருட எண் மட்டும் தரும் பட்டியலில் இது ஒருநாளும் தெரியாது.

ஒரு எச்சரிக்கையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும். ஜீனோமில் இருப்பது ஒளிபரப்பு நாள், படப்பிடிப்பு நாள் இல்லை. "தி டெம்பஸ்ட்" 1979-லேயே ஒளிப்பதிவானது. "யெஸ் மினிஸ்டர்" முதல் பகுதியையும் 1979-ல் எடுத்து, அந்த வருடப் பொதுத் தேர்தல் காரணமாக ஒத்திவைத்திருந்தார்கள். எனவே "ஒரே வாரத்தில் இரண்டிலும் நடித்தார்" என்று எழுதிவிடக் கூடாது. இன்னொன்று: அச்சான அட்டவணையில் இருப்பது திட்டமிட்டதுதான். கடைசி நேரத்தில் நிகழ்ச்சி மாறியிருந்தால் அச்சில் பழையதே நிற்கும். அச்சகத் தகராறுகளால் இதழே வெளிவராத வாரங்களும் உண்டு.

தேடும் முறைக்கு வருவோம். பெயரை வெறுமனே தட்டினால் முதல் பெயர் தனியாக, குடும்பப் பெயர் தனியாக ஒத்துப்போகும் பதிவுகளெல்லாம் கொட்டும். இரட்டை மேற்கோள் குறிக்குள் முழுப் பெயரையும் போட வேண்டும். அடுத்தது, முடிவுகளை "பொருத்தம்" என்ற வரிசையிலிருந்து தேதி வரிசைக்கு மாற்ற வேண்டும். மாற்றாவிட்டால் 1986-ம் 1962-ம் கலந்து நிற்கும், எதுவும் புரியாது. மூன்றாவதாக, மேம்பட்ட தேடலில் ஆண்டு எல்லையைப் பத்துப் பத்து வருடமாக வெட்டிக்கொள்ளுங்கள். ஒரே மூச்சில் ஐம்பது வருடத்தைத் தேடினால் மறுஒளிபரப்புகளிலேயே மூச்சு முட்டிவிடும்.

மறுஒளிபரப்புதான் இங்கே பெரிய தொல்லை. ஒவ்வொரு முறை ஒளிபரப்பானதும் தனித்தனிப் பதிவு. "யெஸ் மினிஸ்டர்", "யெஸ் பிரைம் மினிஸ்டர்" இரண்டும் சேர்ந்து 38 பகுதிகள்தான். முதல் தொடரில் மூன்று பருவம், பருவத்துக்கு ஏழு. 1984 டிசம்பரில் கிறிஸ்துமஸுக்கு ஒன்று. இரண்டாவது தொடரில் எட்டு எட்டாக இரண்டு பருவம். ஜீனோமில் எண்ணினால் அதைவிட மிக அதிகம் வரும். மறுஒளிபரப்பு என்று அச்சில் குறிப்பு இருக்கும், எப்போதும் இருக்கும் என்று சொல்ல முடியாது. ஒரே பகுதித் தலைப்பு எங்கே முதலில் வருகிறதோ அதுவே கணக்கு. பின்னால் வருவதைத் தள்ளிவிடுங்கள். இதில் இன்னொரு சிக்கல், அந்தத் தொடரை 1983-84-ல் அதே நடிகர்களை வைத்து வானொலிக்கும் மாற்றினார்கள். அலைவரிசைப் பெயரைப் பார்க்காமல் எண்ணினால் வானொலிப் பகுதியும் தொலைக்காட்சிக் கணக்கில் ஏறிவிடும்.

வேடம் இருக்க வேண்டிய இடத்தில் சில பதிவுகளில் "தெரியாதது" என்று பொருள்படும் ஆங்கிலச் சொல் நிற்பதைப் பார்ப்பீர்கள். பயப்பட வேண்டாம். நடிகரின் பெயர் தனி வரியில் இல்லாமல் கதைச் சுருக்கத்துக்குள் வந்திருந்தால், மென்பொருள் பெயரை எடுத்துக்கொண்டு வேடத்தை விட்டுவிடும். சுருக்கத்தை ஒருமுறை படித்தால் வேடம் அங்கேயே கிடைக்கும். எழுத்துப் பிழைகளும் நிறைய. மெல்லிய தாளில் பொடி எழுத்தில் அச்சான இதழ். இரண்டு பத்திகள் ஒட்டிக்கொண்டால் ஒருவரின் வேடம் அடுத்தவரின் பெயரோடு சேர்ந்துவிடும். வாசகர்கள் அனுப்பிய திருத்தங்களால் நிறையப் பதிவுகள் சீராகியிருந்தாலும் மிச்சம் இருக்கிறது. சந்தேகமான பெயர்க் கோவை வந்தால், அதே தொடரின் அடுத்த வாரப் பதிவோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அடுத்தடுத்த இரண்டு வாரமும் ஒன்றாக இருந்தால் நம்பலாம்.

பெயர் எழுத்துக்கூட்டல் பற்றி நம் ஊர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பிள்ளை, நாயுடு, முதலியார் எல்லாம் நேட்டாலில் கப்பல் பதிவேட்டில் ஏறிய நாள் முதல் வேறு வேறு எழுத்தில்தான் ஓடிக்கொண்டிருக்கின்றன. லண்டனில் அட்டவணை அச்சுக்கோத்தவருக்கும் ஆசியப் பெயர்கள் அப்படித்தான். இந்தியாவில் பிறந்த நடிகர் சயீத் ஜாஃப்ரியைத் தேடும்போது குடும்பப் பெயரின் கடைசி எழுத்துகளை இரண்டு மூன்று விதமாக மாற்றித் தனித்தனியாகத் தேடுங்கள். குடும்பப் பெயரை மட்டும் போட்டுவிடாதீர்கள். அவருடைய முன்னாள் மனைவி மதூர் ஜாஃப்ரி 1982-ல் பிபிசியில் இந்தியச் சமையல் நிகழ்ச்சி நடத்தியவர், அந்தப் பதிவுகள் நடுவே வந்து நிற்கும். கேப் டவுனில் பிறந்த வின்சென்ட் இப்ராகிமை, "தி குமார்ஸ் அட் நம்பர் 42"-ல் அப்பா வேடம் போட்டவரை, தேடுகிறவர்கள் குடும்பப் பெயரை ஆங்கிலத்தில் "ஐ" எழுத்தில் தொடங்கிவிட்டு ஆள் இல்லை என்று முடிவு கட்டக் கூடாது. அது "இ" எழுத்தில் தொடங்குகிறது.

ஒரே பெயரில் இருவர் என்ற சிக்கலும் உண்டு. பிரிட்டிஷ் நடிகர் சங்கமான ஈக்விட்டியில் ஒரே சமயத்தில் இரண்டு உறுப்பினர்கள் ஒரே தொழிற்பெயரை வைத்துக்கொள்ள முடியாது. அதனால் சமகாலத்தவர்களிடையே குழப்பம் குறைவு. காலம் தாண்டினால் வரும். பர்மிங்ஹாமில் நடக்கும் "கேங்ஸ்டர்ஸ்" தொடரின் நாயகன் மாரிஸ் கோல்பர்னின் இயற்பெயர் ரோஜர் மிடில்டன். அதே பிறந்த நாளைக் கொண்ட மாரிஸ் கோல்பர்ன் என்ற மூத்த நடிகர் 1965-ல் இறந்தபோது, அந்தப் பெயரைத் தனக்கு எடுத்துக்கொண்டார். ஆகவே ஜீனோமில் இந்தப் பெயர் அதற்கு முந்தைய பதிவில் வந்தால் அது பெரியவர். 1970-களில் வந்தால் சின்னவர். ஜீனோம் ஆளைப் பிரித்துக் காட்டாது, எழுத்தை மட்டும்தான் பார்க்கும். இந்த இடத்தில் ஐஎம்டிபி ஒரு படி மேல். அங்கே ஒவ்வொருவருக்கும் தனி எண். ஒரே பெயர்க்காரர்களை ரோமன் எண் போட்டுப் பிரித்திருப்பார்கள்.

ஜீனோமின் பெரிய ஓட்டை, பிபிசிக்குப் போட்டியான ஐடிவியும் சேனல் 4-ம் அதில் இல்லை என்பதுதான். பிரிட்டனில் 1991 மார்ச் வரை அந்தந்த நிறுவனத்தின் அட்டவணை அந்தந்த நிறுவனத்தின் இதழில் மட்டுமே முழுதாக வந்தது. பிபிசிக்கு ரேடியோ டைம்ஸ், ஐடிவிக்கு டிவி டைம்ஸ். தடை நீங்கிய பிறகும் ஜீனோமில் பிபிசி மட்டும்தான். இது சின்ன விஷயமாகத் தோன்றலாம். சயீத் ஜாஃப்ரியின் தொழில் வாழ்க்கையை எடுத்து வைத்தால் எவ்வளவு பெரிய ஓட்டை என்று தெரியும். 1975 ஜனவரி 9-ல் "பிளே ஃபார் டுடே" வரிசையில் வந்த "கேங்ஸ்டர்ஸ்" நாடகம், பிறகு 1976-லும் 1978-லும் தொடராக வந்தபோது செய்த ரஃபீக் வேடம் ஜீனோமில் கிடைக்கும். 1984-ல் கிரனாடா எடுத்த 14 பகுதித் தொடர் "தி ஜூவல் இன் தி கிரவுன்"-ல் செய்த மிராட் நவாப் கிடைக்காது, அது ஐடிவி. "தந்தூரி நைட்ஸ்" கிடைக்காது. அது சேனல் 4. 1999-ல் "கொரோனேஷன் ஸ்ட்ரீட்"டில் ரவி தேசாயாக வந்ததும் கிடைக்காது. ஜீனோமை மட்டும் பார்த்து எழுதினால், அவருடைய தொலைக்காட்சி வாழ்க்கை 1978-க்குப் பிறகு மங்கிவிட்டது என்ற பொய் முடிவுக்குத்தான் வருவோம். ஹாதார்னுக்கும் இதே கதிதான்: 1978-ல் "எட்வர்ட் அண்ட் மிஸஸ் சிம்ப்சன்" (வால்டர் மாங்க்டன் வேடம்), 1985-86-ல் "மேப் அண்ட் லூசியா" (ஜார்ஜி பில்சன்) இரண்டும் அதில் இல்லை.

அங்கேதான் ஐஎம்டிபி வேண்டும். 1990-ல் கால் நீதம் என்ற பிரிட்டிஷ் ரசிகர் இணையக் குழுவில் தொடங்கிய பட்டியல் அது. 1998-ல் அமேசான் வாங்கிவிட்டது. இன்றைக்கும் பெரும்பாலான தகவல் பயனர்கள் ஏற்றுவதுதான். அலைவரிசை பேதம் கிடையாது, திரைப்படம், தொலைக்காட்சி எல்லாம் ஒரே இடத்தில். ஆனால் குணச்சித்திர நடிகரின் பக்கத்தைத் திறந்தவுடன் மேலே தெரியும் நான்கு தலைப்புகளை நம்பி எதையும் முடிவு செய்யாதீர்கள். அவை கணினி தானாகத் தேர்ந்தெடுப்பவை. நிறையப் பேர் மதிப்பெண் போட்ட படம் மேலே வரும். ஒருவர் ஆறு வருடம் உயிரைக் கொடுத்த தொடர் கீழே போகும். நேராக முழுப் பட்டியலுக்குப் போய், தொலைக்காட்சித் தொடர் என்ற வடிகட்டியைப் போட்டு, ஒவ்வொரு தலைப்புக்கும் பக்கத்தில் உள்ள பகுதி எண்ணிக்கையை அழுத்திப் பாருங்கள். எந்தப் பகுதி, எந்தத் தேதி என்பது அங்கேதான் விரியும்.

சின்ன வேடங்களில் ஐஎம்டிபி ஜீனோமை வென்றுவிடுகிறது. 1969 செப்டம்பர் 11-ல் ஒளிபரப்பான "டாட்ஸ் ஆர்மி" பகுதியில், சைக்கிளில் வந்து கோபப்படும் ஆளாக ஹாதார்ன் ஒரு நிமிடம் தலைகாட்டுவார். இது மாதிரி வேடத்துக்கு அச்சு இதழில் இடம் கிடைக்கும் என்று உறுதி கிடையாது. இடம் போதாவிட்டால் பட்டியலின் அடியில் இருக்கும் பெயர்கள்தான் முதலில் வெட்டுப்படும். நிகழ்ச்சியை நேரில் பார்த்து முகத்தை அடையாளம் கண்ட ரசிகர் அதை ஐஎம்டிபியில் ஏற்றிவிடுவார். அதே காரணத்தால் தவறான அடையாளமும் அங்கே ஏறும். "பெயர் போடப்படவில்லை" என்ற குறிப்போடு வரும் வேடங்களைத் திரையில் பார்த்து உறுதி செய்யாமல் எடுத்தாளக் கூடாது. தவறு கண்டால் பதிவு செய்துகொண்டு திருத்தம் அனுப்பலாம். பிபிசி நிகழ்ச்சி என்றால் ஜீனோம் பதிவின் இணைப்பையே சான்றாகக் கொடுங்கள்.

வானொலி நாடகங்களை ஐஎம்டிபி ஏறக்குறையக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. பிரிட்டிஷ் துணை நடிகர்களில் பலருக்கு அடுப்பெரிந்ததே வானொலி நாடகத்தால்தான். பிபிசி தன் நாடகப் பிரிவுக்கென்று ஒப்பந்த நடிகர் குழுவே வைத்திருந்தது. ஐஎம்டிபி பட்டியலில் மூன்று வருடம் வெறுமையாக இருந்தால் ஜீனோமில் அந்த மூன்று வருடத்தை வானொலி என்ற வடிகட்டியோடு தேடிப் பாருங்கள். அங்கேயும் வெறுமை என்றால் மேடை. இரண்டு சேவையும் மேடையைத் தொடாது. ஹாதார்ன் ஜோன் லிட்டில்வுட்டின் நாடகப் பட்டறையில் இருந்த காலம் எதிலும் தெரியாது. 1991-ல் நேஷனல் தியேட்டரில் மூன்றாம் ஜார்ஜ் மன்னராக நின்ற அந்தப் பெரும் நடிப்பும், அதே வருடம் பிராட்வேயில் "ஷேடோலேண்ட்ஸ்" நாடகத்துக்கு வாங்கிய டோனி விருதும் வேடப் பட்டியலில் வராது. வேடப் பட்டியல் வெறுமையாக இருப்பதைப் பார்த்து வேலையில்லாமல் இருந்தார் என்று எழுதுவது அந்தக் கலைஞருக்குச் செய்யும் அநியாயம். இதைத்தான் எல்லாத் தவறுகளிலும் பெரிய தவறு என்று சொல்வேன்.

பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டின் ஸ்க்ரீன்ஆன்லைன் பக்கங்களும் உண்டு. கட்டுரைகள் நன்றாக இருக்கும், எங்கிருந்தும் படிக்கலாம். காணொளிகள் பிரிட்டனில் உள்ள பள்ளி, கல்லூரி, நூலகங்களுக்கு மட்டும்.

தென்னாப்பிரிக்கத் தமிழர்களுக்கு இந்த ஜீனோம் ஏன் கூடுதல் முக்கியம் என்பதையும் சொல்ல வேண்டும். இங்கே தொலைக்காட்சி நாடு முழுக்கத் தொடங்கியதே 1976 ஜனவரி 5-ல்தான். அதே வருடம் ஈக்விட்டி, தன் உறுப்பினர்கள் நடித்த நிகழ்ச்சிகளை நிறவெறி நாட்டின் தொலைக்காட்சிக்கு விற்கக் கூடாது என்று தடை போட்டது. 1990-களின் தொடக்கம் வரை அது நீடித்தது. மிகச் சரியான தடை. மனிதர்களைத் தோல் நிறம் பார்த்துத் தனித்தனி அரங்கில் உட்கார வைத்த அரசுக்கு, தங்கள் உழைப்பைக் கொடுக்க மாட்டோம் என்று நடிகர்கள் சொன்னார்கள்; அவர்களில் பெரும்பாலோர் மாதக் கடைசியில் வாடகைக்கு யோசிக்கும் துணை நடிகர்கள். ஆனால் அதன் விளைவாக, இந்தியர் குடியிருப்புகளான சாட்ஸ்வர்த்திலும் ஃபீனிக்ஸிலும் லெனேசியாவிலும் அந்தக் காலத்தில் வளர்ந்த ஒரு தலைமுறைக்கு "கேங்ஸ்டர்ஸ்", "தி ஜூவல் இன் தி கிரவுன்", "தி பார்செஸ்டர் க்ரானிக்கிள்ஸ்" எல்லாம் இந்நாட்டுத் தொலைக்காட்சியான எஸ்ஏபிசியில் பார்த்த நினைவாக இல்லை. இந்திய முகங்கள் பிரிட்டிஷ் நாடகத்தில் நிமிர்ந்து நிற்கத் தொடங்கிய வருடங்களும் சரியாக அவைதான். தேடலில் 1976 முதல் 1990 வரை என்று எல்லை வைத்துப் பாருங்கள். நம் வரவேற்பறைக்கு வராமல் போனவை வாரா வாரம் வரிசையாக வரும். 1982 இறுதியில் ஏழு வாரம் பிபிசி 2-ல் வந்த "பார்செஸ்டர்" தொடரில் ஹாதார்ன் செய்த ஆர்ச்டீக்கன் (திருச்சபையின் மூத்த குரு) கிராண்ட்லி வேடத்தை இதுவரை பார்க்காதவர்கள் அதிலிருந்தே தொடங்கலாம்.

செலவு என்று பார்த்தால் ஜீனோம் பெரும்பாலும் எழுத்துதான், கைப்பேசி டேட்டாவில் தாராளமாக ஓடும். ஐஎம்டிபி விளம்பரமும் முன்னோட்டக் காணொளியும் சேர்ந்து கனமானது. டேட்டா வாங்கிப் பார்ப்பவர்கள் காணொளி தானாக ஓடுவதை நிறுத்திவிட்டுத் திறங்கள், அல்லது நூலகத்துக்குப் போகும்போது பாருங்கள். ஐஎம்டிபி ப்ரோ என்ற கட்டணப் பதிப்பு நடிகர்-முகவர் தொடர்புக்கானது. சந்தா டாலரில் என்பதால் ராண்ட் சரியும்போதெல்லாம் உயரும், பழைய நடிகரின் தடம் பிடிக்க அதில் கூடுதலாக எதுவும் கிடையாது. வாங்க வேண்டாம். ஜீனோமின் சில பதிவுகளில் "இப்போது பார்க்கலாம்" என்று பிபிசியின் இணையக் காணொளிச் சேவையான ஐபிளேயருக்கு இணைப்பு இருக்கும். ஐபிளேயர் பிரிட்டனுக்கு வெளியே திறக்காது, அழுத்தி நேரத்தை வீணாக்க வேண்டாம்.

கண்டுபிடித்ததைப் பார்ப்பதற்கு இன்னும் நம்பகமான வழி டிவிடிதான். பிரிட்டனும் தென்னாப்பிரிக்காவும் ஒரே மண்டலம், எண் 2. இரண்டு நாட்டுக்கும் PAL என்ற ஒரே தொலைக்காட்சி முறைதான். லண்டனிலிருந்து உறவினர் கொண்டுவரும் பெட்டி இங்குள்ள சாதாரண பிளேயரில் அப்படியே ஓடும். ப்ளூ-ரே என்றாலும் இரண்டும் பி மண்டலம். அமெரிக்கப் பதிப்பு மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கிவிடாதீர்கள்: அது மண்டலம் 1, பல மண்டலம் ஏற்கும் பிளேயர் இல்லாவிட்டால் திரையில் பிழைச் செய்திதான் வரும். பழைய வட்டு வாங்கும்போது பெட்டியின் பின்புறம் உள்ள உலக உருண்டைப் படத்துக்குள் என்ன எண் என்று பார்த்து வாங்குங்கள்.